கூட ஒருவர் வேண்டும்

(பனமலையில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



பனமலையில் நின்றுகொண்டு அமெரிக்காவின் அரிசோனா பாலைவனத்தில் பேச்சைத் தொடங்குவது சிலருக்கு வேடிக்கையாக இருக்கலாம். காரணமில்லாமல் அங்கே போகவில்லை. பேஜ் என்ற சிற்றூரை ஒட்டி, நவஹோ பழங்குடி மக்களின் நிலத்தில் ஆண்டிலோப் கேன்யன் என்று ஒரு பாறைப் பிளவு இருக்கிறது. மணற்கல் பாறையை மழைவெள்ளம் காலம்காலமாக அறுத்து அறுத்து உண்டாக்கிய சந்து. மேல் பிளவு, கீழ் பிளவு என்று இரண்டு பகுதி. மேல் பிளவின் நீளம் சுமார் 200 மீட்டர். ஆழம் 35 மீட்டருக்கும் மேல். தண்ணீரும் மணலும் உரசி உரசிச் சுவர்கள் வழவழவென்று மடிந்து நெளிந்து கிடக்கும். கோடை மாதங்களில் உச்சிவேளைக்கு மேலேயுள்ள கீறலிலிருந்து வெயில் ஒரு தூணாக உள்ளே இறங்கும். அதைப் பார்க்க உலகம் முழுவதிலிருந்தும் வருகிறார்கள். சுற்றுலாவாகக் கூட்டிப்போய்க் கொண்டுவந்து விடுகிறார்கள். ஆனால் அந்தப் பிளவுக்குள் யாரும் தனியாகக் கால் வைக்க முடியாது. எவ்வளவு பெரிய மனிதராக இருந்தாலும் உரிமம் பெற்ற வழிகாட்டி ஒருவர் கூடவே வரவேண்டும். அந்த விதி பனமலைக்கும் வேண்டும், செஞ்சி வட்டாரத்தில் வேறு சில இடங்களுக்கும் வேண்டும் என்பதுதான் நான் இங்கே வாதிடப்போவது. எல்லா இடத்துக்கும் கேட்கவில்லை. அங்கே எந்தக் காரணத்துக்காக அது வந்ததோ அதே காரணத்துக்காகவும் கேட்கவில்லை. ஏறக்குறைய அதற்கு நேர்மாறான காரணத்துக்காகக் கேட்கிறேன்.

முதலில் அங்கே வந்த காரணம். 1997 ஆகஸ்டு 12-ஆம் தேதி கீழ் பிளவுக்குள் சுற்றுலாப் பயணிகள் இறங்கியிருந்தார்கள். அவர்கள் இருந்த இடத்தில் மழை என்று சொல்லும்படி ஒன்றும் பெய்யவில்லை. பல மைலுக்கு அப்பால், மேட்டுப் பகுதியில், இடிமழை கொட்டியது. வறண்டு இறுகிய பாலைநிலம் அவ்வளவு தண்ணீரை அவ்வளவு விரைவில் குடிக்காது. விழுந்த மழை அப்படியே வழிந்து ஓடைகளில் சேர்ந்து, கடைசியில் இந்த இடுக்குக்குள் புகுந்தது. அகன்ற ஓடையில் முழங்காலளவு ஓடுகிற தண்ணீர், தோளகலச் சந்துக்குள் வந்தால் ஆளுயரத்தைத் தாண்டி எழும்பும். ஏறித் தப்ப வழவழப்பான சுவரில் பிடிமானம் கிடையாது. அன்றைக்கு 11 பேர் இறந்தார்கள். வெள்ளத்தில் சிக்கியவர்களில் பிழைத்தவர் ஒரே ஒருவர், குழுவோடு வந்த வழிகாட்டி. இறங்கி ஏறுவதற்கு வைத்திருந்த மர ஏணிகளும் போயின.

இதைக் கேட்டவுடன் உங்களில் சிலர் மனத்தில் ஒரு கேள்வி எழுந்திருக்கும். வழிகாட்டி கூட இருந்தும் 11 பேர் போனார்களே, அப்புறம் வழிகாட்டியால் என்ன பயன்? நியாயமான கேள்வி. என் வாதத்துக்கு இது இடைஞ்சல் என்று ஒதுக்கிவிட்டுப் போகவும் மனமில்லை. அன்றைக்கு அங்கே ஒரு மனிதர் இருந்தார். அவருக்குப் பின்னால் ஓர் ஏற்பாடு இல்லை. இன்றைக்கு நுழைவுச் சீட்டு கொடுக்கும் இடத்தில் வானிலைச் செய்தி வானொலி இருக்கிறது, அபாயச் சங்கு இருக்கிறது, பாறையில் போல்ட் போட்டு இறுக்கிய ஏணிகள் இருக்கின்றன, வெள்ளம் வந்தால் மேலிருந்து இறக்கிவிட வலைகள் இருக்கின்றன. மழைக்குறி தெரிந்தால் பாதி வழியிலேயே எல்லோரையும் வெளியே கூட்டிவருகிற அதிகாரம் வழிகாட்டிக்கு உண்டு. காசு கொடுத்தவர் முகம் சுளிப்பார் என்று அவர் தயங்க வேண்டியதில்லை. ஜோர்டான் நாட்டின் பெட்ராவிலும் இதே கதைதான். அந்தப் பழைய நகரத்துக்குள் நுழைய சுமார் 1.2 கிலோமீட்டர் நீளமுள்ள ஒரு பாறைச் சந்தைக் கடக்க வேண்டும். 1963-இல் அதற்குள் திடீரென்று பாய்ந்த வெள்ளம் இருபதுக்கும் மேற்பட்ட பிரெஞ்சுப் பயணிகளைக் கொண்டுபோனது. இத்தனைக்கும் அந்தச் சந்துக்கு வெள்ளம் வரும் என்பது ஈராயிரம் ஆண்டுக்கு முன்பு அங்கே வாழ்ந்த நபத்தியர்களுக்குத் தெரிந்திருந்தது. வாயிலில் அணை கட்டி, பாறையைக் குடைந்து தண்ணீரை வேறு பக்கம் திருப்பியிருந்தார்கள். அது தூர்ந்து கிடந்தது. சாவு விழுந்த பிறகுதான் திரும்ப அணை கட்டினார்கள். ஆக, வழிகாட்டி என்று நான் சொல்லும்போது கையில் குச்சி வைத்துக்கொண்டு கதை சொல்லும் ஒருவரை மட்டும் சொல்லவில்லை. அவருக்குப் பின்னால் நிற்கிற விதி, செய்தி, அதிகாரம் எல்லாவற்றையும் சேர்த்துத்தான் சொல்கிறேன்.

இப்போது நம் பாறைக்கு வருவோம். செஞ்சி மலைகள் மணற்கல் அல்ல, கெட்டியான கருங்கல். தண்ணீர் அதைச் சுலபத்தில் அறுக்காது. வெப்பத்திலும் மழையிலும் அது மூட்டு விட்டுப் பிளந்து, விளிம்பு தேய்ந்து உருண்டு, குவியல் குவியலாக நிற்கிறது. அதனால் நமக்கு நெளிந்த சந்துகள் கிடைக்கவில்லை, பிளவுகள் கிடைத்தன. அவற்றில் பேர்போனது ராஜகிரிக் கோட்டையின் உச்சிக்குக் கீழே இருக்கிற பிளவு. அகலம் சுமார் 24 அடி, ஆழம் சுமார் 60 அடி. இயற்கையாக இருந்ததை மனிதர்கள் மேலும் நீட்டி ஆழப்படுத்தினார்கள். மேலே ஒரு மரப்பாலம் போட்டார்கள். பாலத்தை எடுத்துவிட்டால் உச்சிக்கோட்டை தனித் தீவு. 1690-இலிருந்து 1698 வரை சத்ரபதி ராஜாராமை வளைத்துக்கொண்டு முகலாயப் படை செஞ்சிக்கு வெளியே கிடந்தது. அத்தனை ஆண்டும் இந்தப் பிளவுதான் தடுத்தது என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். முகலாயத் தளபதிகளின் இழுத்தடிப்புக்கும் அதில் பெரிய பங்குண்டு. ஆனாலும் அந்தப் பாலத்தின் மேல் நின்று கீழே பார்க்கிறவருக்குக் கோட்டையின் கணக்கு ஒரு நொடியில் விளங்கிவிடும். நம் பாறைகளில் உயிராபத்து இல்லை என்றும் சொல்லிவிட முடியாது. 2024 நவம்பர் கடைசியில் ஃபெஞ்சல் புயல் வந்தபோது மயிலத்தில் ஒரே நாளில் 50 சென்டிமீட்டர் அளவுக்கு மழை பெய்தது. அடுத்த நாள் பக்கத்துத் திருவண்ணாமலையில் மலைச்சரிவு இறங்கி, அடிவாரத்து வீட்டில் இருந்த 7 பேரைப் புதைத்தது. மழைக்காலத்தில் பாறையை நம்பக் கூடாது என்பதற்கு நாம் அரிசோனா வரை போக வேண்டாம்.

இருந்தாலும் பனமலைக் குன்று அப்படிப்பட்ட இடமில்லை. கீழே ஏரி, மேலே கோயில், நடுவில் ஏறக்கூடிய குன்று. வருகிறவருக்குப் பெரிய ஆபத்து ஒன்றுமில்லை. ஆபத்து இங்கே மறுபக்கம் திரும்பி நிற்கிறது. வருகிறவரால் இடத்துக்கு வரும் ஆபத்து. இதைப் புரிந்துகொள்ளக் கோயிலுக்குள் என்ன இருக்கிறது என்பதைக் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும். இந்தத் தாளகிரீசுவரர் கோயிலைக் கட்டியவன் ராஜசிம்மன் என்ற இரண்டாம் நரசிம்மவர்மப் பல்லவன். ஏறக்குறைய கி.பி. 700-இலிருந்து 728 வரை ஆண்டவன். காஞ்சிக் கைலாசநாதர் கோயிலும் மாமல்லபுரத்துக் கடற்கரைக் கோயிலும் அவன் கட்டியவையே. மூன்றையும் பார்த்தவர்களுக்கு அவன் கை தெரியும்: பின்னங்காலில் எழுந்து நிற்கிற சிங்கத் தூண்கள், கருவறைப் பின்சுவரில் சோமாஸ்கந்தர், விமானத்தின் பக்கங்களில் ஒட்டிக்கொண்டு நிற்கிற சிறு சன்னதிகள். அப்படி வடபக்கம் இருக்கிற ஒரு சிறு சன்னதிக்குள்தான் அந்த ஓவியம். கல்லின் மேல் சுண்ணாம்புப் பூச்சு, அதன்மேல் வண்ணம். தலையில் உயர்ந்த மகுடம், மேலே குடை, ஒரு கால் ஊன்றி மறு காலை மடித்து, உடல் சற்றே ஒசிந்து நிற்கிறாள் பார்வதி. தலை ஒரு பக்கம் சாய்ந்திருக்கிறது. அவள் பார்ப்பது சிவனின் ஆட்டத்தை. ஆடுகிறவன் ஏறக்குறைய அழிந்துபோனான். சில கோடுகளும் வண்ணத் திட்டுகளும்தான் மிச்சம். இன்றைக்கு அந்தச் சுவரில் ஆட்டம் இல்லை, ஆட்டத்தைப் பார்க்கிறவள் மட்டும் இருக்கிறாள். புதுச்சேரியில் இருந்த பிரெஞ்சு அறிஞர் ழூவோ துப்ரேய் இருபதாம் நூற்றாண்டின் முற்பகுதியில் இதை உலகத்தின் கவனத்துக்குக் கொண்டுவந்தார். பல்லவர் கால ஓவியம் என்று நாம் கண்ணால் பார்க்கக்கூடியது தமிழ்நாட்டிலேயே மிகக் கொஞ்சம். காஞ்சிக் கைலாசநாதரில் சில துண்டுகள், இங்கே இது, இன்னும் சில இடங்களில் சில தடங்கள். 1,300 ஆண்டுக்குப் பிறகு இவள் முகம் இருக்கிறது என்பதே பெரிய விஷயம். அந்த முகத்துக்கும் வருகிறவர் விரலுக்கும் இடையே தூரம் அதிகமில்லை.

ஒரு விரலால் என்ன ஆகிவிடும் என்று கேட்கலாம். பாறை தாங்கும், பூச்சு தாங்காது. விரலில் வியர்வை இருக்கிறது, எண்ணெய்ப் பசை இருக்கிறது. பொடியாய் உதிரும் நிலையில் இருக்கிற வண்ணத்தை ஒரு தடவல் எடுத்துக்கொண்டு போய்விடும். கேமரா பிளாஷ் எவ்வளவு கெடுதல் என்பதில் நிபுணர்களிடையே வாதம் உண்டு, அதை விட்டுவிடலாம். விரல் கெடுதல் என்பதில் வாதமே இல்லை. தொடாமலே கெடுக்கவும் முடியும். பிரான்சில் லாஸ்கோ குகை 1940-இல் கண்டுபிடிக்கப்பட்டது. 1948-இல் மக்களுக்குத் திறந்தார்கள். ஒரு கட்டத்தில் நாளொன்றுக்கு 1,200 பேர் வந்தார்கள். அவர்கள் விட்ட மூச்சின் ஈரமும் கரியமில வாயுவும் உள்ளே ஏறி, சுவரில் பாசி படர ஆரம்பித்தது. பதினேழாயிரம் ஆண்டு நின்ற ஓவியத்தைப் பதினைந்தே ஆண்டில் பார்த்துப் பார்த்தே கெடுத்தார்கள். 1963-இல் மூடினார்கள்; இன்றைக்கு மக்கள் பார்ப்பது நகலைத்தான். இலங்கையில் சிகிரியாவில் நடந்தது வேறு மாதிரி. 1967-இல் யாரோ சிலர் ஏறி அந்த ஓவியப் பெண்கள்மேல் பச்சை வண்ணத்தைப் பூசிவிட்டுப் போனார்கள். லூசியானோ மரான்சி என்ற இத்தாலிய வல்லுநர் வந்து பாடுபட்டு மீட்க வேண்டியிருந்தது. நம்மிடம் சட்டம் இல்லாமலில்லை. 1958-ஆம் ஆண்டின் தொல்சின்னச் சட்டப்படி, பின்னால் வந்த திருத்தத்தோடு சேர்த்து, பாதுகாக்கப்பட்ட சின்னத்தைச் சேதப்படுத்தினால் இரண்டு ஆண்டு வரை சிறை, ஒரு லட்சம் ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். செஞ்சிக் கோட்டையின் பாறைகளில் சுண்ணாம்பிலும் பெயின்ட்டிலும் கீறலிலும் எழுதிவைத்திருக்கிற காதலர் பெயர்களைப் பார்க்கிறவர்களுக்கு அந்தச் சட்டத்தின் வலு எவ்வளவு என்று தெரியும். குற்றம் நடந்த பிறகு தண்டிக்கிறது சட்டம். நீள்கிற கையை நீளும்போதே தடுக்கப் பக்கத்தில் ஆள் வேண்டும்.

காவல் மட்டும்தான் காரணம் என்றால் வழிகாட்டி எதற்கு, வாட்ச்மேன் போதும். அடுத்த காரணம், இந்த வட்டாரத்துப் பாறைகள் தாமாக எதையும் காட்டிக்கொள்வதில்லை. மண்டகப்பட்டுக்குப் போகிறவர் ஒரு பாறையைக் குடைந்து செய்த மண்டபத்தையும் இரண்டு பக்கமும் நிற்கிற வாயிற்காவலர்களையும் பார்ப்பார். ஐந்து நிமிடத்தில் திரும்பிவிடுவார். செங்கல், மரம், உலோகம், சுண்ணாம்பு எதுவும் இல்லாமல் பிரமன், சிவன், திருமால் மூவருக்கும் ஒரு கோயில் எடுத்தேன் என்று முதலாம் மகேந்திரவர்மன் அங்கே வடமொழியில் வெட்டிவைத்திருக்கிற செய்தியை ஒருவர் சொன்னால்தான், அந்த எளிய குடைவரை ஒரு மன்னனின் பெருமிதம் என்று தெரியும். அவன் ஏழாம் நூற்றாண்டின் தொடக்கம். ராஜசிம்மன் எட்டாம் நூற்றாண்டின் தொடக்கம். நூறு ஆண்டில் பாறையைக் குடைகிற வேலையிலிருந்து கல்லை அறுத்து அடுக்கி மலைமேல் கோயில் கட்டுகிற வேலைக்குப் பல்லவத் தச்சர்கள் வந்து சேர்ந்தார்கள். காலையில் மண்டகப்பட்டில் தொடங்கிப் பனமலைக்கு வருகிறவர் அந்த நூறு ஆண்டை அரை நாளில் கடக்கலாம். இதைத் தமிழ்நாட்டில் இவ்வளவு குறுகிய தூரத்துக்குள் காட்டக்கூடிய வட்டாரம் வேறு அதிகமில்லை. வரிசையை மாற்றினாலோ, சொல்ல ஆளில்லாமல் போனாலோ அது இரண்டு தனித்தனிப் பாறைகளாகிவிடும். செஞ்சிக்குப் பக்கத்தில் திருநாதர்குன்று இருக்கிறது. பாறை முகத்தில் 24 தீர்த்தங்கரர்கள், வரிசைக்குப் பன்னிரண்டு பேராக. அதைக்கூடக் கண்டுகொள்வார்கள். அதே குன்றில் சந்திரநந்தி ஆசிரியர் என்ற சமணத் துறவி 57 நாள் உண்ணாமல் இருந்து உயிர்விட்டார் என்று சொல்லும் பழைய கல்வெட்டை, தமிழ் எழுத்து வரலாற்றில் ‘ஐ’ என்ற எழுத்துக்கு மிக முந்தைய சான்றாக அறிஞர்கள் காட்டுகிற அந்தக் கல்வெட்டை, சொல்லாமல் யாரும் பார்ப்பதில்லை. அதன்மேலேயே உட்கார்ந்து பொட்டலத்தைப் பிரித்தாலும் ஆச்சரியமில்லை.

இனி எதிர்வாதங்கள். முதலாவது, கைடுகள் புளுகுகிறார்கள் என்பது. உண்மைதான், புளுகுகிறவர்கள் இருக்கிறார்கள். செஞ்சியில் கைதிக் கிணறு என்று ஒன்றைக் காட்டுவார்கள். பெரிய உருண்டைப் பாறை. அதன் நடுவில் இயற்கையாகவே மேலிருந்து கீழ்வரை ஒரு துளை. அடியைக் கட்டடம் வைத்து அடைத்து, மேல் விளிம்பில் வட்டமாகச் செங்கல் சுவர் எழுப்பியிருக்கிறார்கள். சாவுத் தண்டனை பெற்றவர்களை அதற்குள் தள்ளிப் பட்டினி போட்டுக் கொன்றார்கள் என்பது கதை. பழைய ஆங்கிலக் குறிப்புகளும் ‘என்று சொல்லப்படுகிறது’ என்ற அளவில்தான் அதை எழுதின. அந்த ‘என்று சொல்லப்படுகிறது’ நம் ஆட்கள் வாயில் வரும்போது உதிர்ந்துவிடுகிறது. கூடவே எலும்புக்கூடுகளும் சேர்ந்துகொள்கின்றன. ராஜா தேசிங்கு விஷயமும் அப்படி. தேசிங்கு என்று பாடப்படுகிற தேஜ் சிங் என்ற இளைஞன் 1714-இல் ஆற்காட்டு நவாப் சாதத்துல்லா கானோடு போரிட்டு மாண்டான் என்பது வரலாறு. குதிரை பறந்தது, அரங்கநாதர் தலை திருப்பிக்கொண்டார் என்பதெல்லாம் கதைப்பாடலும் ஊர் வழக்கும். இதற்கு மருந்து வழிகாட்டியை ஒழிப்பதில் இல்லை, பயிற்சியில் இருக்கிறது. சி.எஸ். சீனிவாசாச்சாரி 1943-இல் எழுதிய செஞ்சி வரலாற்றைப் படித்து, தேர்வு எழுதித் தேறியவருக்குத்தான் உரிமம் என்று வையுங்கள். கதைகளையும் சொல்லட்டும், தடுக்க வேண்டாம். தேசிங்கு கதையைக் கேட்காமல் செஞ்சியை விட்டுப் போகிறவன் பாதி செஞ்சியைத்தான் பார்த்தான். இது ஆவணம், இது பாட்டு என்று பிரித்துச் சொல்ல வேண்டும், அவ்வளவுதான்.

இரண்டாவது எதிர்வாதம் இதைவிடக் கனமானது. கோயில் பொதுச்சொத்து, சாமி கும்பிட வருகிறவனுக்கு எதற்கு வழிகாட்டி, எதற்குக் கட்டணம்? நாளைக்கு வீட்டு வாசலுக்கும் டிக்கெட் போடுவீர்களா? இதில் நான் முழுக்க அவர்கள் பக்கம். கருவறைக்குப் போகிறவரை யாரும் நிறுத்தக் கூடாது, யாரும் காசு கேட்கக் கூடாது. பிரதோஷத்துக்கு வருகிற பாட்டிக்குப் பல்லவ வரலாறு தெரிய வேண்டிய கட்டாயமில்லை. அவருக்கும் அந்த லிங்கத்துக்கும் இருக்கிற உறவு தொல்லியல் துறையைவிட மூத்தது. பனமலையில் நான் விதி கேட்பது வடபக்கத்து அந்தச் சிறு சன்னதி ஒன்றுக்கு. அதற்குள் போகிறவர் வழிகாட்டியோடு போகட்டும், ஒரு தடவைக்கு ஐந்தாறு பேர், சில நிமிடம். அதேபோல் ராஜகிரி முழுவதையும் பூட்டச் சொல்லவில்லை. செஞ்சிக் கோட்டையில் தனியாகச் சுற்றித் திரிவது ஓர் இன்பம், அதைக் கெடுப்பது பாவம். மழைநாளில் உச்சிக்கு ஏறுவது, கல்வெட்டும் ஓவியமும் இருக்கிற பாறைகளை நெருங்குவது, இப்படிச் சில இடங்களில் மட்டும் துணை கட்டாயம் என்றால் போதும். கீழ்வாலையில் செங்காவியால் தீட்டிய தொன்மையான பாறை ஓவியங்கள் வெட்டவெளியில் கிடக்கின்றன. அவற்றுக்குக் கதவும் இல்லை, பூட்டும் இல்லை. அங்கேதான் இந்த விதி முதலில் வர வேண்டும் என்றுகூடச் சொல்வேன்.

மூன்றாவதாக, பலகை வைத்தால் போதாதா, செல்போனில் கேட்டுக்கொள்கிற மாதிரி செய்துவிட்டால் போதாதா என்கிறார்கள். இதற்கு நீண்ட பதில் தேவையில்லை. நீலப் பலகைகளை எல்லா இடத்திலும் வைத்திருக்கிறோம். அவற்றின் மேலேயே பெயர் கிறுக்கியிருக்கிறார்கள். செல்போன் நல்ல சாதனம், தகவல் சொல்லும். ஆனால் தோளில் கை வைத்து “தம்பி, கொஞ்சம் பின்னாடி வாங்க” என்று சொல்லாது.

நான்காவது வாதத்தை அரிசோனாவே எழுப்புகிறது. அங்கே வழிகாட்டிச் சுற்றுலா வெற்றி பெற்றதாலேயே கூட்டம் பெருகிவிட்டது. ஒரு குழுவின் முதுகைத் தொட்டுக்கொண்டு அடுத்த குழு. வழிகாட்டி ஒரு பிடி மணலை அள்ளி வெயில் தூணுக்குள் வீசுவார். தூசியில் ஒளி பளிச்சென்று தெரியும். இங்கே நில்லுங்கள், போனை இப்படிப் பிடியுங்கள் என்பார். படம் எடுத்தாயிற்றா, நடங்கள். பார்க்கப் போனவர்கள் படத்தோடு திரும்புகிறார்கள். இது வழிகாட்டி முறையின் குறை இல்லை, எண்ணிக்கையில் வைத்த பேராசை என்று சொல்லித் தப்பிக்கலாம். ஆனால் பேராசை எங்கேயும் வரும்; நம்மிடமும் வரும். அதனால் விதி எழுதும்போதே நாளொன்றுக்கு இத்தனை பேர் என்ற எண்ணையும் எழுதிவிட வேண்டும். பின்னால் எழுதிக்கொள்ளலாம் என்றால் யாரும் எழுத மாட்டார்கள். நம் மாநிலத்திலேயே இதற்கு முன்மாதிரி இருக்கிறது. 2018 மார்ச்சில் தேனி மாவட்டம் குரங்கணியில் காட்டுத்தீயில் சிக்கி மலையேறப் போனவர்கள் இருபதுக்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். அதன் பிறகு மலையேற்றத்துக்கு விதிகள் வந்தன. 2024 அக்டோபரில் வனத்துறை 40 பாதைகளைத் தேர்ந்தெடுத்து, ஆன்லைனில் முன்பதிவு, அந்தந்தப் பகுதிப் பழங்குடி இளைஞர்களுக்குப் பயிற்சி கொடுத்து அவர்களையே வழிகாட்டிகளாக்குவது என்று ‘டிரெக் தமிழ்நாடு’ திட்டத்தைக் கொண்டுவந்தது. காட்டைத் தெரிந்தவர் காட்டைக் காட்டுகிறார். கூலி அவர் வீட்டுக்குப் போகிறது. காட்டுக்குச் செய்ததைக் கல்லுக்குச் செய்ய என்ன தடை? துறை வேறு, கோப்பு வேறு என்பதைத் தவிர எனக்கு ஒன்றும் தெரியவில்லை.

இப்போது அவசரமும் வந்துவிட்டது. 2025 ஜூலை 11-ஆம் தேதி யுனெஸ்கோ ‘மராத்தா இராணுவ நிலப்பரப்புகள்’ என்ற பெயரில் 12 கோட்டைகளை உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்த்தது. பதினொன்று மகாராஷ்டிரத்தில், பன்னிரண்டாவது நம் செஞ்சி. 1677-இல் சிவாஜி பிடித்த கோட்டை என்பதால் வந்த பெருமை. இனிக் கூட்டம் வரும். மராத்தியக் கோட்டை பார்க்க வருகிறவர் அதோடு நிற்க மாட்டார். பக்கத்தில் என்ன இருக்கிறது என்று கேட்பார். வண்டி பனமலைக்கும் மண்டகப்பட்டுக்கும் திரும்பும். பட்டியலில் இருப்பது கோட்டைதான். பனமலை அந்தப் பட்டியலில் இல்லை. ஆகவே அதற்கென்று தனிப் பணமோ தனி ஆளோ தானாக வந்துவிடும் என்று எதிர்பார்க்க வேண்டாம். கோட்டைக்கு வருகிற கூட்டத்தின் சுமை மட்டும் தானாக வரும்.

யார் வழிகாட்டி ஆவது என்று கேட்டால், இங்கே உட்கார்ந்திருக்கிற பிள்ளைகள்தான். பிளஸ் டூ முடித்துவிட்டு சென்னைக்கும் புதுச்சேரிக்கும் பஸ் ஏறுகிறவர்களில் பத்துப் பேர் இங்கேயே இருந்து இந்த வேலையைச் செய்யலாம்; பெண் பிள்ளைகளும் செய்யலாம். கட்டணத்தில் ஒரு பங்கு ஊராட்சிக்கு, பள்ளி மாணவர்களுக்கு இலவசம், வழிபட வருகிறவர்களுக்கு எந்தக் கட்டணமும் இல்லை என்று முதலிலேயே தெளிவாக வைத்துக்கொண்டால் சண்டை வராது. பயிற்சி கொடுக்கவும் உரிமம் கொடுக்கவும் தொல்லியல் துறையும் சுற்றுலாத் துறையும் முன்வர வேண்டும். அவர்களாக வருவார்கள் என்று காத்திருந்தால் இன்னொரு தலைமுறை போய்விடும். ஆகவே ஊர்ப் பெரியவர்களிடம் ஒரே ஒரு விண்ணப்பம். அடுத்த கிராம சபையில் இதைத் தீர்மானமாகப் போடுங்கள். வடபக்கச் சன்னதிக்குள் வழிகாட்டி இல்லாமல் யாரையும் விட வேண்டாம், அந்த வழிகாட்டி இந்த ஊர்க்காரராக இருக்க வேண்டும், ஒரு நாளைக்கு இத்தனை பேர்தான் என்று மூன்று வரி போதும். கையெழுத்துப் போட்டு மாவட்ட ஆட்சியருக்கும் தொல்லியல் துறையின் சென்னை வட்ட அலுவலகத்துக்கும் அனுப்பிவையுங்கள்.